நேரத்தைச் சொந்தமாக வைத்திருப்பது

பெரிய இருவாச்சியின் கூட்டைப் படமெடுக்கப் போகிறவர், லென்ஸைப் பற்றி யோசிப்பதற்கு முன்னால் ஒன்றை மனத்தில் பதித்துக்கொள்ள வேண்டும். அந்த மரப்பொந்துக்குள் ஒரு பெட்டை தன்னைத்தானே அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. எச்சத்தையும் பழச்சக்கையையும் குழைத்து வாசலைப் பூசி, அலகு நுனி வெளியே வருமளவுக்கு ஒரு பிளவை மட்டும் விட்டுவைத்திருக்கிறது. உள்ளே போனபின் இறகுகளை உதிர்த்துப் புதிதாக வளர்த்துக்கொள்ளும். ஆண் கொண்டுவந்து தருவதுதான் அதற்கும், பிறகு குஞ்சுக்கும் சாப்பாடு. நம் அசைவைக் கண்டு ஆண் தயங்கி எதிர்ச்சரிவிலேயே உட்கார்ந்துவிட்டால் அந்த வேளைச் சாப்பாடு உள்ளே போகாது. அதுவே தினமும் நடந்தால் என்ன ஆகும் என்பதை விளக்க வேண்டியதில்லை. ஆண் பறவையின் நம்பிக்கை கெடாமல் பார்த்துக்கொள்வது கேமராமேனின் முதல் வேலை. படம் அதற்குப் பிறகு.

நான் இந்த வேலையைப் பெரும்பாலும் வால்பாறையைச் சுற்றிச் செய்கிறேன். ஆனைமலையின் மேலே சுமார் 220 சதுர கிலோமீட்டருக்குத் தேயிலையும் காப்பியும் பரந்து கிடக்கும் பீடபூமி அது. நாலாபுறமும் ஆனைமலைப் புலிகள் காப்பகமும் கேரளத்துக் காடுகளும். தோட்டங்களுக்கு நடுவே, வெட்டாமல் விடுபட்ட மழைக்காட்டுத் துண்டுகள் நாற்பதுக்கு மேல் இருக்கின்றன. சில துண்டுகள் ஒரு பள்ளி மைதானத்தைவிடக் கொஞ்சம் பெரிது, அவ்வளவுதான். இருவாச்சி இந்தத் துண்டுகளை எல்லாம் ஒரே காடாகத்தான் பயன்படுத்துகிறது. ஒன்றில் பொந்து, இன்னொன்றில் அத்தி, மூன்றாவதில் காட்டுச் சாதிக்காய். நடுவில் தேயிலைக்கு மேலே பறந்து கடக்கும். பெட்டை பொந்துக்குள் போவது ஜனவரி வாக்கில். குஞ்சு வெளியே வர ஏப்ரல் கடைசியோ மே மாதமோ ஆகும். தென்மேற்குப் பருவமழை பிடிப்பதற்குள் எல்லாம் முடிந்துவிட வேண்டும். இந்தக் காலண்டரை நம்மால் ஒரு வாரம்கூட முன்னே பின்னே நகர்த்த முடியாது.

சுயாதீனமாகப் படமெடுப்பது என்றால் என்ன என்று கேட்டால் பலரும் கருத்துச் சுதந்திரம் என்பார்கள். எனக்கு அது அதைவிட எளிமையான, அதைவிட அடிப்படையான ஒன்றாகத் தெரிகிறது. படம் எடுக்கப்படும் நாட்கள் யாருடையவை என்பதுதான் கேள்வி. ஒரு சேனல் மூன்று வாரத்துக்கு ஆளையும் கேமராவையும் அனுப்பினால் அந்த மூன்று வாரம் சேனலுடையது. இருவாச்சி அதற்குள் ஒத்துழைக்க வேண்டும். ஒத்துழைக்காவிட்டால் மறைவிடத்தை இன்னும் பத்தடி முன்னால் தள்ளுவார்கள், அல்லது எங்கோ எடுத்த வேறொரு பறவையின் காட்சியை வாங்கி நடுவில் ஒட்டுவார்கள். அவர்கள் கெட்டவர்கள் என்பதால் இது நடப்பதில்லை. நாள் தீர்ந்துபோவதால் நடக்கிறது. நாட்கள் என்னுடையவையாக இருந்தால், இன்று ஆண் சரியாக இறங்கவில்லை என்றால் கேமராவை மூடிவைத்துவிட்டுப் பின்வாங்க முடியும். ஒரு ஷாட்டை விட்டுவிடும் உரிமைதான் என் தொழிலில் நான் சம்பாதித்த பெரிய சொத்து. கேமராவை விற்று வாங்கலாம், அதை அப்படி வாங்க முடியாது.

இயற்கைப் படங்களின் வரலாற்றில் நடந்த பொய்களை எடுத்துப் பார்த்தாலும் அடியில் இதே நெருக்கடி இருப்பது தெரியும். 1958-இல் டிஸ்னி நிறுவனம் வெளியிட்ட ‘வொயிட் வில்டர்னஸ்’ படத்தில் லெம்மிங் என்னும் சிறு கொறிவிலங்குகள் கூட்டம் கூட்டமாக விளிம்பிலிருந்து தண்ணீரில் குதிப்பது போன்ற காட்சி வரும். அவற்றை வேறிடத்திலிருந்து வாங்கிவந்து, அவை இயல்பாக வாழாத கனடாவின் ஆல்பர்ட்டாவில் வைத்து, தண்ணீரில் தள்ளித்தான் அதை எடுத்தார்கள் என்பது 1980-களில் கனடியத் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்றால் அம்பலமானது. அதற்குள் அந்தப் படம் ஆஸ்கர் வாங்கிவிட்டது. லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்று உலகத்தில் பாதிப்பேர் நம்பியும்விட்டார்கள். ஒரு விலங்கைப் பற்றிய பொய், படமாகிவிட்டால், எத்தனை ஆய்வுக் கட்டுரைகள் வந்தாலும் அழியாது.

இதற்கு நேர் எதிரான, யோசிக்க வைக்கிற ஓர் உதாரணமும் உண்டு. 2011-இல் பிபிசியின் ‘ஃப்ரோசன் பிளானட்’ தொடரில் பனிக்கரடி குட்டி போடும் காட்சியை ஐரோப்பாவில் ஒரு விலங்குப் பூங்காவில் எடுத்திருந்தார்கள். பெரிய சர்ச்சையானது. காட்டில் பனிக்கரடியின் வளைக்குள் கேமரா வைத்தால் தாய் குட்டியைக் கொன்றுவிடலாம் என்பது தயாரிப்பாளர்களின் பதில். அந்தப் பதிலை நான் முழுதாக ஏற்கிறேன். வளைக்குள் போகாமல் இருந்தது சரியான முடிவு. ஆனால் அந்த விஷயத்தை இணையதளத்தில் சொன்னவர்கள் படத்தின் வர்ணனையிலேயே ஒரு வரி சொல்லியிருக்கலாம். பார்ப்பவருக்கு அதனால் ஒன்றும் குறைந்துவிடாது. என் இருவாச்சிப் படத்தில் பொந்தின் உள்ளே என்ன நடக்கிறது என்பதை நீங்கள் பார்க்க முடியாது. பொந்துக்குள் சிறு கேமரா பொருத்துவது தொழில்நுட்ப ரீதியில் இன்று சாத்தியம்தான். நான் செய்வதில்லை. உள்ளே நடப்பதைப் பேச்சில் சொல்கிறேன்; திரையில் அந்தப் பிளவும் அதில் வந்துபோகும் அலகு நுனியும் மட்டும்.

நாட்களைச் சொந்தமாக வைத்துக்கொள்ளப் பணம் வேண்டும், அதை மறைத்துப் பேசுவதில் அர்த்தமில்லை. மழைக்காலத்தில் தொண்டு நிறுவனங்களுக்கும் கல்லூரிகளுக்கும் சிறு படங்கள் செய்து தருகிறேன். எடிட்டிங் வேலை எடுத்துக்கொள்கிறேன். பழைய காட்சிகளைச் சில நொடிகளாக, உரிமையை இழக்காமல், தொடர்களுக்கு விற்கிறேன். கல்யாண வீடுகளிலும் கேமரா பிடித்திருக்கிறேன்; கூட்டத்துக்கு நடுவே யாரையும் இடிக்காமல் நின்று, அடுத்த கணம் எங்கே நடக்கப்போகிறது என்று மோப்பம் பிடிக்கிற பயிற்சி அங்கே கிடைத்தது. ஒப்பந்தங்களில் நான் ஒரே ஒரு விதியை மட்டும் விடாப்பிடியாக வைத்திருக்கிறேன். எடுத்த மூலக் காட்சிகள், அதாவது ரஷஸ், என்னிடமே இருக்க வேண்டும். ஒரு தடவை ஒரு சேனல் யானை–மனித மோதல் பற்றி வால்பாறையில் படம் செய்யக் கேட்டது. வீட்டை யானை உடைப்பது, ஜனம் ஓடுவது, அழுகை இதெல்லாம் முதல் ஐந்து நிமிடத்துக்குள் வேண்டும் என்றார்கள். அங்கே யானை வரும் தகவலைக் குறுஞ்செய்தியாக அனுப்புவதும், மேட்டுப் பகுதிகளில் சிவப்பு விளக்கு ஏற்றி எச்சரிப்பதுமாக நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷன் என்ற அமைப்பு உள்ளூர் மக்களோடு சேர்ந்து பல ஆண்டுகளாக உயிர்ச்சேதத்தைக் குறைத்துவருகிறது. அதைச் சொல்ல இடமில்லை என்றார்கள். நான் வரவில்லை என்று சொன்னேன். அந்த வருஷம் கை கடித்தது. ஆனாலும் ஜனவரி முதல் மே வரை மரத்தடியில் நான் இருந்தேன்.

தமிழில் இந்த வழியில் முன்னால் நடந்தவர் மா. கிருஷ்ணன். அ. மாதவையாவின் மகன். சண்டூர் சமஸ்தானத்தில் பார்த்த வேலைக்குப் பிறகு சம்பள உத்தியோகம் எதிலும் ஒட்டாமல் எழுத்தையும் புகைப்படத்தையும் வைத்தே சென்னையில் வாழ்ந்தவர். கல்கத்தாவின் ‘ஸ்டேட்ஸ்மன்’ பத்திரிகையில் 1950-இல் தொடங்கிய இயற்கைப் பத்தியை 1996-இல் சாகும்வரை எழுதினார். வெவ்வேறு கேமராக்களின் உறுப்புகளைச் சேர்த்துத் தனக்கென்று ஒரு கருவியைக் கட்டிக்கொண்டு, காட்டு விலங்குகளைக் கறுப்பு வெள்ளையில் எடுத்தார். அவர் படங்களில் எனக்குப் பிடித்தது, யானையோ காட்டெருமையோ தன் இடத்தில் நிற்பது. சுற்றியுள்ள மரமும் புல்லும் விலங்கோடு சேர்ந்தே இருக்கும். முகத்தை மட்டும் வெட்டி எடுத்துக் காட்டும் இன்றைய ஆசை அவரிடம் இல்லை. பெரிய லென்ஸ் கைக்கு வந்த பிறகு நான் தொடர்ந்து எனக்கே சொல்லிக்கொள்வது இதைத்தான்: இன்னும் கொஞ்சம் அகலமாக வை.

இனி மரத்தடிக்கு வருகிறேன்.

பெட்டை வாசலைப் பூசிக்கொண்டிருக்கும் நாட்களில் கிட்டே போகவே கூடாது. அப்போது கலைத்தால் பொந்தையே கைவிட்டுவிடும். அந்த நாட்களில் எதிர்ச்சரிவில், தேயிலைக்கு நடுவே, வேலை செய்கிறவர்களோடு ஒருவராக இருந்து தொலைவிலிருந்து எடுப்பேன். கொழுந்து பறிக்கிற பெண்களைப் பறவை பல வருஷமாகப் பார்த்துப் பழகியிருக்கிறது. பூச்சு முடிந்து, ஆண் ஒழுங்காக உணவு கொண்டுவரத் தொடங்கி, அந்தப் போக்குவரத்து நிலைத்த பிறகுதான் மறைவிடம். அதையும் ஒரே நாளில் கட்டுவதில்லை. முதலில் நாலு குச்சி. இரண்டு நாள் கழித்துச் சாக்குத்துணி. அப்புறம் இலை தழை. ஆண் ஒவ்வொரு மாற்றத்தையும் ஒரு கிளையில் உட்கார்ந்து தலையைச் சாய்த்துப் பார்க்கும். பார்த்துவிட்டு நேரே பொந்துக்குப் போனால் அடுத்த படிக்குப் போகலாம். வேறு கிளைக்குப் போய் மறுபடி பார்த்தால், கட்டியதைப் பிரித்துவிட்டு வர வேண்டியதுதான்.

விடிவதற்கு முன்னால் உள்ளே போய்விட வேண்டும், இருட்டிய பிறகு வெளியே வர வேண்டும். பகலில் நுழைய நேர்ந்தால் இரண்டு பேராகப் போய் ஒருவர் திரும்பி நடப்பது பழைய முறை. ஆள் போய்விட்டதாகப் பறவை எடுத்துக்கொள்ளும் என்பது நம்பிக்கை. சின்னப் பறவைகளிடம் அது பலிப்பதைப் பார்த்திருக்கிறேன். இருவாச்சியிடம் அதை நம்ப மாட்டேன்.

மழைக்காட்டில் வெளிச்சம் பெரிய பிரச்சினை. மேலே வானம் வெள்ளையாக எரியும், கீழே பொந்து மையிருட்டாக இருக்கும். இருவாச்சியின் உடம்பிலேயே கறுப்பும் வெள்ளையும் பக்கத்தில் பக்கத்தில். வெள்ளை வால் வெந்துவிடாமல் எடுத்தால் கறுத்த இறக்கையில் ஒரு விவரமும் தங்காது. மேகம் போட்ட காலைதான் எனக்கு நல்ல நாள். அன்றைக்குத்தான் கழுத்திலும் இறக்கைப் பட்டையிலும் இருக்கும் மஞ்சள் உண்மையான மஞ்சளாகப் பதியும். அந்த நிறம் இறகுக்குச் சொந்தமானதல்ல. வாலடிச் சுரப்பியின் எண்ணெயை அலகால் எடுத்துத் தானே பூசிக்கொள்வது. பூசும் செய்கையை நெருக்கத்தில், முழுதாக எடுக்க எனக்குப் பல பருவங்கள் ஆயின. ஆணுக்குக் கண் சிவப்பு, பெட்டைக்கு வெளிர் நிறம். இதைக் காட்ட 600 மில்லிமீட்டர் லென்ஸ் தேவைப்படுகிறது. அந்த நீளத்தில் காலை பத்து மணிக்கு மேல் தேயிலைச் சரிவிலிருந்து எழும் அனல் படத்தைக் கரைத்துவிடும். வெயில் ஏறிவிட்டால் நெருக்கக் காட்சிகளை மறந்துவிட்டு, மரத்தை முழுசாக எடுப்பேன். கனமான ட்ரைபாட் முக்கியம். புதிதாக வருகிறவர்கள் லென்ஸில் போடும் பணத்தில் பாதியையாவது ட்ரைபாடில் போட வேண்டும் என்பது என் உறுதியான அபிப்பிராயம்.

வேகத்தைக் குறைத்துக் காட்டும் ஸ்லோ மோஷன் இன்று எல்லாக் கேமராவிலும் இருக்கிறது. இருவாச்சி கிளையில் இறங்குவதை நூறு பிரேமில் எடுத்தால் பார்க்க அழகாகத்தான் இருக்கும். ஆனால் அந்தப் பறவையின் கனம் போய்விடும். ஏறக்குறைய மூன்று கிலோ உடம்பு கிளையில் வந்து விழுவதும், கிளை ஒருமுறை அமிழ்ந்து எழுவதும், இயல்பான வேகத்தில்தான் தெரியும். படம் முழுவதிலும் ஓரிரு இடங்களில் மட்டுமே நான் வேகத்தைக் குறைக்கிறேன்.

எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்த வேலை, காட்சித்தொடரைக் கட்டுவது. ஆண் வந்து பெட்டைக்கு ஊட்டிவிட்டுப் போகிறது என்று ஒரே வாக்கியத்தில் எழுதிவிடலாம். திரையில் அதற்குக் குறைந்தது ஏழெட்டுக் கோணம் தேவை. தூரத்துச் சரிவின் மேல் ஒரு கறுப்புப் புள்ளி. மரத்துக்கு வரும் ஆண். தொண்டைப்பை அசைய, ஒரு பழம் அலகு நுனிக்கு உருண்டு வருவது. பிளவில் பெட்டையின் அலகு. மறுபடி ஒரு பழம், மறுபடி ஒன்று. வேரடியில் வந்து விழும் விதை. முன்பு விழுந்த விதைகள் அங்கே முளைத்து நிற்பது. கடைசியில் ஆண் கிளம்புவது. ஒரே வருகையில் இதெல்லாம் ஒரே கேமராவுக்குக் கிடைக்காது. வெவ்வேறு நாளில் எடுத்ததைத்தான் சேர்க்கிறோம். அது பொய்யா என்று மாணவர்கள் கேட்பார்கள். நல்ல கேள்வி அது. என் அளவில் நான் வைத்திருக்கும் எல்லை இது: அதே பறவைகள், அதே பொந்து, அதே பருவம். இன்னொரு ஜோடியின் காட்சியை இதற்குள் கொண்டுவர மாட்டேன். நடந்த வரிசையை மாற்ற மாட்டேன். மார்ச்சில் பழம் மட்டும் கொண்டுவந்த ஆண், குஞ்சு வந்த பிறகு பல்லி ஓணான்களையும் கொண்டுவருகிறது என்றால் படத்திலும் அந்தச் சமயத்தில்தான் வர வேண்டும். பெட்டை முதலில் பூச்சை உடைத்து வெளியே வரும். அப்புறம் உள்ளே இருக்கும் குஞ்சு தானே வாசலைத் திரும்பப் பூசிக்கொள்ளும். யாரும் சொல்லித்தராத அந்தப் பூச்சு வேலை என் படத்தின் மையம். அதை அதன் இடத்திலிருந்து இரண்டு நிமிடம் முன்னால் நகர்த்தியிருந்தால்கூட அதுவரை பார்த்ததன் பொருள் கெட்டுப்போயிருக்கும்.

ஒலியைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியாது. நீண்ட லென்ஸ் எண்பது மீட்டர் தள்ளி இருப்பதைப் பக்கத்தில் காட்டும். மைக் அப்படிச் செய்யாது. உங்களுக்குத் தெரிந்த பெரும்பாலான வனவிலங்குப் படங்களில் இறக்கைச் சத்தமும் காலடிச் சத்தமும் பின்னால் ஸ்டுடியோவில் சேர்க்கப்பட்டவை. துணியை உதறி இறக்கைச் சத்தம் உண்டாக்கும் திறமையான கலைஞர்கள் இருக்கிறார்கள், அவர்கள் மேல் மரியாதை உண்டு. ஆனால் இருவாச்சிக்கு அது ஒத்துவராது. இறக்கையின் பெரிய சிறகுகளின் அடிப்பகுதிகளுக்கு இடையே காற்று புகுந்து வருவதால், நீராவி எஞ்சின் மேட்டில் ஏறுவது போல ஒரு கனத்த மூச்சு எழும்பும். கேட்டவர் மறக்க முடியாது. மறைவிடத்துக்குப் போவதற்கு முந்தின மாலையே ரெக்கார்டரை மரத்தருகே ஒரு புதரில் கட்டிவைத்துவிட்டு வந்துவிடுவேன். விடியலிலிருந்து அது தன் பாட்டுக்குப் பதிவு செய்யும். கருமந்தியின் ஹூங்காரம், சிள்வண்டு, தூரத்தில் தேயிலை ஃபேக்டரியின் சங்கு எல்லாம் அதில் இருக்கும். ஃபேக்டரிச் சங்கை நான் அழிப்பதில்லை. அந்தப் பறவை அதைக் கேட்டுக்கொண்டுதான் வாழ்கிறது.

இந்த மரத்தை எனக்குக் காட்டியவர் ஒரு காடர் பெரியவர். ஆனைமலையின் பூர்வகுடிகள் காடர்கள். எந்தப் பொந்தில் எந்த ஜோடி, எந்த அத்தி எப்போது பழுக்கும் என்பதெல்லாம் அவர்கள் தலைமுறையாகச் சேர்த்த அறிவு. கேரளத்தில் வாழச்சால் காடுகளில் இருவாச்சிக் கூடுகளைக் கண்காணித்துக் காப்பதில் காடர்கள் முன்னணியில் இருக்கிறார்கள். நான் தொடங்கிய நாட்களில் வானத்தைத் துழாவிக்கொண்டே இருப்பேன். “தம்பி, மேல தேடாதீங்க. காதைக் குடுங்க. சத்தம் வர்ற பக்கம் கேமராவத் திருப்பி வச்சுக்கிட்டா அது தானா உள்ள வந்து நிக்கும்” என்றார். அதற்குப் பிறகுதான் பறவை வருவதற்கு முன்பே கேமரா ஓடத் தொடங்கியது. என் படங்களின் இறுதிப் பட்டியலில் அவர் பெயர் களஆய்வாளர் என்ற தலைப்பில் வரும். உதவி என்று வராது. கூலியும் அந்தத் தலைப்புக்கு ஏற்றதாகவே இருக்க வேண்டும் என்பதால் பட்ஜெட் போடும்போது அதைத்தான் முதல் வரியில் எழுதுகிறேன்.

வர்ணனை எழுத உட்காரும்போது பெரிய ஆபத்து ஒன்று வரும். அடைபட்டிருக்கும் பெட்டை, அலைந்து உணவு தேடும் ஆண். உடனே கணவன், மனைவி, தியாகம், பத்தினி என்று நம் பேனா ஓடத் தொடங்கும். அந்த வழியில் போனால் கைத்தட்டல் கிடைக்கும். பறவை காணாமல் போய்விடும். வாசலை அடைப்பது பெட்டையின் சொந்தச் செயல், பெரும்பாலும் உள்ளிருந்தபடி அதுவே பூசுகிறது. உள்ளே இருக்கும் காலத்தில் பாதுகாப்பாக இறகு மாற்றிக்கொள்வது அதற்குக் கிடைக்கும் லாபம். இதைச் சொன்னாலே கேட்பவருக்கு வியப்பு வந்துவிடும், நாம் வேறு சர்க்கரை போட வேண்டாம். இன்னொரு நுணுக்கம். தமிழ் வாக்கியத்தில் வினை கடைசியில் வரும். பறவை இறங்குகிற ஷாட்டின் மேல் நீண்ட வாக்கியத்தை வைத்தால், அது இறங்கி முடித்த பிறகும் நாம் இறங்குவதைச் சொல்லிக்கொண்டிருப்போம். அதனால் செயல் நடக்கும் இடத்தில் பேச்சையே வைப்பதில்லை. செயலுக்கு முன்னால் ஒரு சிறிய வாக்கியம், பின்னால் ஒன்று. இடையில் காடு பேசட்டும். எடிட் மேஜையில் நான் எழுதிய வர்ணனையில் பாதிக்கு மேல் கீழே விழுந்துவிடும். விழுவதில் எனக்கு வருத்தம் இருந்ததில்லை.

எடுத்ததில் திரைக்கு வருவது மிகச் சிறிய பகுதி. மிச்சம் எல்லாம் ஹார்ட் டிஸ்கில், ஒரு பிரதி என்னிடம், ஒரு பிரதி பொள்ளாச்சியில் நண்பர் வீட்டில். வால்பாறை ஈரத்தில் லென்ஸுக்குள் பூஞ்சை பிடிப்பது போலவே எதுவும் கெட்டுப்போகலாம் என்பதால் ஒரே ஊரில் இரண்டையும் வைப்பதில்லை. அந்த மிச்சக் காட்சிகளின் மதிப்பு வருஷம் போகப் போகத்தான் தெரிகிறது. எந்த மாதம் எந்த அத்தியில் பழம் இருந்தது, கோடை மழை எப்போது வந்தது, ஆண் கொண்டுவந்த பழங்கள் எவை என்பதெல்லாம் தேதியோடு அதில் இருக்கின்றன. ஆராய்ச்சி மாணவர்கள் கேட்டால் பணம் வாங்காமல் கொடுக்கிறேன். ரஷஸை எழுதிக் கொடுத்துவிடாமல் வைத்திருப்பதன் பயன் இதுதான்.

அனுமதி விஷயம் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். சரணாலயத்துக்குள் படமெடுக்க 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 28-ஆம் பிரிவின் கீழ்த் தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும். நான் சொல்லும் மரம் எஸ்டேட் ஓரத்துச் சோலையில் இருக்கிறது. அங்கேயும் வனத்துறையிடமும் எஸ்டேட்டிடமும் எழுத்தில் வாங்கிய பிறகே போனேன். காகிதம் வர நாளாகும். அந்த நாளையும் கணக்கில் வைத்துத்தான் திட்டமிட வேண்டும், புலம்புவதால் பயனில்லை. இடத்தைப் பற்றி மட்டும் கண்டிப்பு தேவை. கூடு இருக்கும் சரிவின் பெயர், சாலை, கிலோமீட்டர் கல் எதுவும் என் படங்களில் வராது. வெளியிடும் கோப்புகளில் இடக்குறிப்புத் தகவலை நீக்கிவிடுவேன். இன்று ஒரு கூட்டின் இடம் வாட்ஸ்அப்பில் வந்துவிட்டால் ஞாயிற்றுக்கிழமைக்குள் பெரிய லென்ஸுகளோடு ஒரு கூட்டம் மரத்தடியில் நிற்கும். உள்ளே இருக்கும் பெட்டைக்கு அன்று முழுதும் சாப்பாடு வராது.

‘தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்’ 2023-இல் ஆஸ்கர் வாங்கிய பிறகு, நீங்களும் அனுப்பலாமே என்று எல்லாரும் கேட்கிறார்கள். முதுமலைத் தெப்பக்காட்டில் பல ஆண்டுகள் அந்தக் குடும்பத்தோடும் யானைக்குட்டிகளோடும் இருந்து கார்த்திகி கொன்சால்வஸ் எடுத்த படம் அது. நேரம் கொடுத்ததன் பலன் ஒவ்வொரு காட்சியிலும் தெரிகிறது, எனக்கு அதில் மகிழ்ச்சி. என் படம் முதலில் யாரிடம் போக வேண்டும் என்பதில் மட்டும் நான் வேறு முன்மாதிரிகளைப் பார்க்கிறேன். மைக் பாண்டே குஜராத் கரையில் திமிங்கிலச் சுறா வேட்டையைப் பற்றி எடுத்த ‘ஷோர்ஸ் ஆஃப் சைலன்ஸ்’ 2000-இல் வந்தது. அடுத்த ஆண்டே அந்த மீன் வனவிலங்குச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டது. சென்னைப் பாம்புப் பண்ணையில் பள்ளிச் சிறுவனாக நுழைந்து, இருளர்களின் பாம்பு பிடிப்போர் கூட்டுறவைப் பற்றியும் சைலன்ட் வேலியைப் பற்றியும் உலகம் பார்த்த படங்கள் எடுத்த சேகர் தத்தாத்ரி, ஒரு கட்டத்தில் சர்வதேசச் சேனல்களுக்குப் படம் செய்வதை விட்டுவிட்டார். 2001-இல் குதிரேமுகத்தில் இரும்புச் சுரங்கம் பத்ரா நதியையும் காட்டையும் என்ன செய்கிறது என்று ஒரு சிறிய படம் எடுத்தார். வழக்கு நடத்தியவர்களின் கையில் அது ஆயுதமாக இருந்தது. சுரங்கத்தை 2005-ஆம் ஆண்டு முடிவுக்குள் நிறுத்த வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இந்தப் படங்கள் எத்தனை லட்சம் பேர் பார்த்தார்கள் என்பதால் வெல்லவில்லை. பார்க்க வேண்டிய ஆட்கள் பார்த்தார்கள்.

என் படத்துக்குப் பார்க்க வேண்டிய ஆட்கள் யார்? அந்த மரத்தைச் சுற்றி வேலை செய்கிறவர்கள். ஆகவே முதல் திரையிடல் எஸ்டேட் மனமகிழ் மன்றத்துக் கூடத்தில், ஒரு ஞாயிறு சாயங்காலம். லைன் வீடுகளிலிருந்து குழந்தை குட்டிகளோடு வந்திருந்தார்கள். நான் எங்கேயும் இடத்தின் பெயரைச் சொல்லவில்லை. முதல் காட்சியில் கிளையின் வளைவு தெரிந்ததுமே பின்வரிசையில் ஒரு அம்மா, “நம்ம பதினஞ்சாம் நம்பர் காட்டு மரம்டி” என்றார். கூடம் முழுக்க அது பரவியது. வெளியூருக்கு நான் மறைத்த இடம் இவர்கள் அனைவருக்கும் தெரியும். இத்தனை வருஷமாகத் தெரியும். எஞ்சின் மாதிரி அந்த இறக்கைச் சத்தம் வந்தபோது பெரியவர்கள் தலையாட்டினார்கள். குஞ்சு உள்ளிருந்து வாசலைத் திரும்பப் பூசும் காட்சியில்தான் சத்தம் அடங்கியது. அதை யாரும் அதுவரை கண்டதில்லை. மரத்தைத் தெரியும், பறவையைத் தெரியும், உள்ளே ஒருத்தி இருக்கிறாள் என்பதும் சிலருக்குத் தெரியும்; அந்தக் குஞ்சின் வேலையை மட்டும் தெரியாது.

படம் முடிந்து டீ கொடுத்துக்கொண்டிருந்தபோது கொழுந்து பறிக்கிற ஒரு அக்கா வந்து, கோயிலுக்குப் பின்னால் உள்ள கல்லத்தி பழுக்கும்போது இதே பறவை விடிகாலையில் கூட்டமாக வருமே, அதை ஏன் எடுக்கவில்லை என்று கேட்டார். எனக்கு அந்த மரம் தெரியாது. அடுத்த பருவத்தின் முதல் குறிப்பு அவர் சொன்னதுதான். பிறகு சூப்பர்வைசர் வந்தார். மழைக்கு முன்னால் நிழல் மரங்களுக்குக் கிளை கழிக்கிற வேலை அவர் பொறுப்பு. “சார், சில்வர் ஓக் கழிக்கிறது ஏப்ரல்ல ஆரம்பிப்போம். அந்தச் சரிவைக் கடைசியா வச்சுக்கலாமா? எந்தத் தேதிக்கு மேலன்னு சொல்லுங்க, மேனேஜர்கிட்டப் பேசிக்கிறேன்” என்றார். தேதியை நான் சொல்வது முறையாகாது என்று காடர் பெரியவரைக் கூப்பிட்டேன். அவர் யோசித்துவிட்டு, ஒவ்வொரு வருஷமும் ஒரே தேதி இருக்காது, குஞ்சு வெளியே வந்ததும் தானே வந்து சொல்கிறேன், அதுவரை அந்தப் பக்கம் அரிவாள் போக வேண்டாம் என்றார். அப்படியே செய்துகொள்வதென்று இரண்டு பேரும் அங்கேயே பேசி முடித்தார்கள்.